கற்பனைப் பேரரசுக்குக் காலச் சட்டம் எழுதுவது எப்படி: புதிதாகத் தொடங்குவோருக்கு

நாவலுக்காகவோ விளையாட்டுக்காகவோ ஒரு கற்பனைப் பேரரசை உருவாக்குகிறவர்கள், வரைபடத்தையும் அரச வம்சத்தையும் ஆசை ஆசையாக எழுதிவிடுகிறார்கள். அந்த நாட்டில் ஆண்டை எப்படி எண்ணுவார்கள், எது அதிகாரபூர்வ வரலாறு, அதைத் திருத்தும் உரிமை யாருக்கு உண்டு என்ற கேள்விகளுக்கு வரும்போது தடுமாறி நின்றுவிடுகிறார்கள். நானும் அப்படி நின்றவன்தான். என் நாவலில் வரும் நெடுநீர்ப் பேரரசுக்காக நான்கு மாதம் உட்கார்ந்து, இந்தக் கேள்விகளுக்கு விடை சொல்லும் நாற்பது பிரிவுகள் கொண்ட ஒரு காலச் சட்டத்தை எழுதினேன். கும்பகோணத்துக்குக் கிழக்கே, அரசலாற்றுப் பாசனத்தின் கடைமடையில் நிலம் வைத்திருக்கும் என் சித்தப்பா அதைத் திண்ணையில் உட்கார்ந்து முழுவதும் படித்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "ஏன்டா தம்பி, ராஜா செத்த அன்னிக்கு நம்ம மொறைக்கு இன்னும் மூணு நாள் இருக்குன்னு வச்சுக்க. புது ராஜா வந்து ஒண்ணுலேர்ந்து எண்ண ஆரம்பிச்சா, நமக்குத் தண்ணி எப்ப வரும்?"

என் நாற்பது பிரிவுகளில் எதிலும் அதற்கு விடை இல்லை. அந்தச் சட்டத்தை முழுவதும் அழித்துவிட்டு மீண்டும் எழுத எனக்கு இரண்டு ஆண்டுகள் ஆயின. அந்த இரண்டு ஆண்டுகளை நீங்களும் இழக்க வேண்டியதில்லை என்பதற்காகவே, வேலையை எந்த வரிசையில் செய்ய வேண்டும், எந்த ஆவணத்தைப் பார்க்க வேண்டும், எங்கே சறுக்கும் என்பதைக் கீழே எழுதுகிறேன்.

1. முதலில் மூன்று தகராறுகளை எழுதுங்கள்

சட்டத்தைத் தொடங்கும் முன், உங்கள் பேரரசில் தேதியை வைத்து நடக்கக்கூடிய மூன்று தகராறுகளை, ஒவ்வொன்றையும் ஒரு முழுப் பக்கத்தில் எழுதுங்கள். நான் எடுத்துக்கொண்டவை தண்ணீர் முறை, குத்தகைக் கெடு, கோயிலுக்கு விட்ட நிலம் ஆகிய மூன்று. யார் வழக்காடுகிறார்கள், அவர் கையில் என்ன ஓலை இருக்கிறது, அதில் என்ன தேதி போட்டிருக்கிறது, எதிராளி கையில் உள்ள ஓலையில் என்ன தேதி இருக்கிறது என்பதுவரை எழுத வேண்டும். பின்னால் எழுதும் ஒவ்வொரு பிரிவும் இந்த மூன்று பக்கங்களில் ஏதேனும் ஒன்றுக்குப் பதில் சொல்ல வேண்டும். பதில் சொல்லாத பிரிவை எடுத்துவிடுங்கள். என்னுடைய நாற்பது பிரிவுகள் பதினேழாகச் சுருங்கியது இப்படித்தான்.

இதற்கான தூண்டுதல் வேண்டுமென்றால், டெல்டாவில் ஒரே வயலைப் பற்றிய தாள்களை அடுக்கிவைத்துப் பாருங்கள். நாற்று விட்டது ஆனியில் என்று வீட்டில் பேசுவார்கள். பயிர்க்கடன் தாளில் ஆங்கிலத் தேதி இருக்கும். மேட்டூர் அணையைத் திறக்கும் வழக்கமான நாள் ஜூன் 12 என்பது எல்லாருக்கும் மனப்பாடம். கிராம நிர்வாக அலுவலரின் பயிர்க்கணக்கான அடங்கலில் மட்டும் பசலி ஆண்டு எழுதப்பட்டிருக்கும். 2024 ஜூலை 1 முதல் 2025 ஜூன் 30 வரையிலான காலம் பசலி 1434 ஆகும். முகலாயர் காலத்து வருவாய்க் கணக்கிலிருந்து வந்த ஆண்டு அது. அந்தப் பேரரசு போய் எவ்வளவோ காலம் ஆனபின்னும் நம் ஊரில் வருவாய்க் கணக்கைத் தணிக்கை செய்யும் ஜமாபந்தி அந்த ஆண்டின்படியே நடக்கிறது. ஆகவே உங்கள் பேரரசிலும் குறைந்தது மூன்று காலக் கணக்குகள் ஒரே நேரத்தில் புழங்கட்டும். அவற்றில் ஒன்று, இப்போது இல்லாத ஓர் அரசிடமிருந்து வந்ததாக இருக்கட்டும்.

இந்தப் படிக்கு ஒரு வாரம் போதும். ஒரு நோட்டுப் புத்தகத்தின் விலையைத் தவிர வேறு செலவில்லை.

2. ஆண்டு ஒன்று எந்த நாளில் பிறக்கிறது என்று தீர்மானியுங்கள்

புதியவர்களில் பெரும்பாலோர் "மன்னர் முடிசூடிய ஆண்டே முதலாம் ஆண்டு" என்று ஒரு வரி எழுதிவிட்டு அடுத்த பிரிவுக்குப் போய்விடுகிறார்கள். அந்த ஒரு வரியில் மூன்று பள்ளங்கள் இருக்கின்றன.

முதலாவது, இணை ஆட்சி. முதலாம் ராஜேந்திரனின் ஆட்சியாண்டு, தந்தை ராஜராஜன் உயிரோடு இருந்த 1012ஆம் ஆண்டிலிருந்தே எண்ணப்படுகிறது. ராஜேந்திரனின் மகன் ராஜாதிராஜனின் ஆட்சியாண்டோ 1018இலிருந்து தொடங்குகிறது; ஆனால் ராஜேந்திரன் இறந்தது 1044இல்தான். அதாவது ஏறத்தாழ இருபத்தாறு ஆண்டுகள், ஒரே நாட்டில் இரண்டு சரியான ஆண்டெண்கள் இருந்தன. உங்கள் பேரரசில் இளவரசருக்கு முன்கூட்டியே பட்டம் கட்டும் வழக்கம் இருந்தால், எந்த ஆவணத்தில் யாருடைய ஆண்டை எழுதுவது என்று சட்டம் சொல்லியாக வேண்டும்.

இரண்டாவது, பட்டப்பெயர். சோழ அரசர்கள் ராஜகேசரி, பரகேசரி என்ற பட்டங்களை மாறி மாறிச் சூடினார்கள். அரசரின் இயற்பெயர் இல்லாமல் "கோப்பரகேசரிவர்மர்க்கு யாண்டு" என்று மட்டும் தொடங்கும் கல்வெட்டு எந்தப் பரகேசரியுடையது என்று தீர்மானிக்க, எழுத்தின் வடிவம், அதில் வரும் அதிகாரிகளின் பெயர்கள், அது இருக்கும் கட்டடத்தின் வயது ஆகிய எல்லாவற்றையும் பார்க்க வேண்டியிருக்கிறது. கதைக்கு இது மிக நல்ல முடிச்சு. ஆனால் நீங்கள் அறிந்தே போட்ட முடிச்சாக இருக்க வேண்டும்.

மூன்றாவது, நங்கூரம். ஆட்சியாண்டு மட்டும் உள்ள நாட்டில் இரண்டு நிகழ்ச்சிகளுக்கு இடையே எத்தனை நாள் என்று கணக்கிடவே முடியாமல் போய்விடும். எனவே யார் செத்தாலும் நிற்காமல் ஓடும் ஒரு நாள்கணக்கு பின்னணியில் இருக்க வேண்டும். கிராமம் என்ற ஊரில் உள்ள முதலாம் பராந்தகனின் கல்வெட்டில் 36ஆம் ஆட்சியாண்டோடு, கலியுகம் தொடங்கியதிலிருந்து எண்ணிய நாள் 14,77,037 என்ற எண்ணும் பொறிக்கப்பட்டிருக்கிறது. அது 943 ஜனவரியில் விழுகிறது. அந்த ஓர் எண்ணைக் கொண்டே அவன் அரியணை ஏறியது 907ஆம் ஆண்டை ஒட்டி என்று பின்னோக்கிக் கணக்கிட முடிகிறது. உங்கள் பேரரசில் இந்த நாள்கணக்கை யார் வைத்திருக்கிறார்கள் என்பதையும் எழுதுங்கள். என் நாவலில் அது அரண்மனையிடம் இல்லை. தலைமடையில் இருக்கும் நீர்க்கணக்கரிடம் இருக்கிறது. சித்தப்பாவின் கேள்விக்குப் பதிலாக இன்று என் சட்டத்தில் இருக்கும் ஆறாம் பிரிவு இது:

"அரியணை மாறினும் நீர்முறை மாறாது. முறைநாள், நீர்க்கணக்கரின் தொடர்நாள் எண்ணால் மட்டுமே குறிக்கப்படும். ஆட்சியாண்டு அதன் பக்கத்தில் எழுதப்படலாம், அதற்குப் பதிலாக எழுதப்படலாகாது."

3. நாளையும் கெடுவையும் எண்ணும் விதியை எழுதுங்கள்

இது சலிப்பான வேலைதான், ஆனாலும் தவிர்க்காதீர்கள். நாள் சூரிய உதயத்தில் பிறக்கிறதா, நள்ளிரவில் பிறக்கிறதா? சித்தப்பாவுக்கு முறை வருவது பெரும்பாலும் பின்னிரவு இரண்டு மணிக்கு. மண்வெட்டியோடும் டார்ச்சோடும் மடைக்குப் போய் நிற்கும் அவருக்கு, பஞ்சாங்கப்படி அது முந்தைய நாள். கைப்பேசியின்படி அடுத்த நாள். இரண்டு பங்காளிகள் இதை வைத்து வாய்க்கால் கரையில் சண்டை போட முடியும் என்றால், ஒரு பேரரசில் என்னவெல்லாம் நடக்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

கெடுவுக்கான வாசகத்தை நீங்களே புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியதில்லை. நம் நாட்டின் 1897ஆம் ஆண்டுப் பொதுப் பிரிவுகள் சட்டத்தில் அச்சு தயாராக இருக்கிறது: "இந்த நாளிலிருந்து" என்று சொன்னால் அந்த முதல் நாள் கணக்கில் சேராது, கெடுவின் கடைசி நாளில் அலுவலகம் மூடியிருந்தால், அது மறுபடி திறக்கும் நாளில் செய்தாலும் கெடுவுக்குள் செய்ததாகவே கொள்ளப்படும். இந்த இரண்டு விதிகளையும் உங்கள் பேரரசின் நடைக்கு மாற்றி எழுதிக்கொள்ளுங்கள். ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 24 நிமிடம் என்ற கணக்கை அப்படியே வைத்துக்கொண்டால் தமிழ் வாசகருக்கு விளக்கமே தேவைப்படாது.

இங்கே உள்ள பொறி அறுபது ஆண்டுச் சுற்று. பிரபவ முதல் அட்சய வரையிலான பெயர்கள் அழகாக இருப்பதால் எல்லாரும் எடுத்துக்கொள்கிறார்கள். வருடப் பெயர் மட்டும் எழுதிய ஓர் அடமானச் சீட்டு, தாத்தா எழுதியதா பேரன் எழுதியதா என்று அறுபது ஆண்டு கழித்துத் தெரியாமல் போகும். பெயரோடு ஓர் எண்ணும் இல்லாத சீட்டு செல்லாது என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள்.

4. ஓர் ஆணை கடந்து செல்லும் மேசைகளை வரிசைப்படுத்துங்கள்

அரசர் வாய் திறந்து சொன்னதும் சட்டம் நடைமுறைக்கு வந்துவிடுவதாக எழுதுவதுதான் நான் கண்ட கையெழுத்துப் பிரதிகள் எல்லாவற்றிலும் இருந்த பிழை. உண்மையில் வாய்ச்சொல்லுக்கும் வயல் வரப்புக்கும் இடையில் பல கைகள் இருக்கின்றன. ஒவ்வொரு கையும் ஒரு தேதி போடுகிறது.

இதற்கு ஆனைமங்கலச் செப்பேட்டைவிடச் சிறந்த பாடம் எனக்குக் கிடைக்கவில்லை. நாகப்பட்டினத்துச் சூளாமணி என்ற பௌத்த விகாரத்துக்கு ஆனைமங்கலத்தின் வருவாயைக் கொடுக்கும்படி ராஜராஜன் தன் 21ஆம் ஆட்சியாண்டில் வாய்மொழியாகச் சொல்கிறான். அதை ஓலையில் எழுதுகிறவர் ஒருவர், ஒப்பிட்டுச் சரிபார்ப்பவர்கள் சிலர், வரிப்புத்தகத்தில் ஏற்றுகிறவர்கள் வேறு சிலர். பிறகு ஓலை, அந்த வட்டாரத்துச் சபையினரான நாட்டாருக்குப் போகிறது. அவர்கள் அதை எதிர்கொண்டு வாங்கி, பெண் யானையை நடத்தி ஊரெல்லையைச் சுற்றிவந்து, கல்லும் கள்ளியும் நட்டு, கொடையை உறுதிசெய்யும் அறவோலை எழுதிக்கொடுக்கிறார்கள். அதற்குள் 23ஆம் ஆட்சியாண்டு வந்துவிடுகிறது. செப்பேட்டில் பொறிக்கப்பட்டு அது முழுமையடைவதோ மகன் ராஜேந்திரன் காலத்தில். ஒரே கொடைக்கு இத்தனை நாள்கள் இருக்கும்போது, அந்த ஊரார் எந்த நாளிலிருந்து அரசுக்கு வரி கட்ட வேண்டாம்? இந்தக் கேள்விக்கு உங்கள் சட்டம் நேரடியாகப் பதில் சொல்ல வேண்டும்.

நீங்கள் எழுதிவைத்துக்கொள்ள வேண்டிய ஆவணங்கள் நான்கு: சொன்னதைக் குறித்த ஓலை, வரிப்புத்தகப் பதிவு, எல்லை நடந்த ஓலை, நிலையான படி. நான்குக்கும் ஒரு மாதிரி வாசகம் எழுதிப் பார்க்காமல் அடுத்த படிக்குப் போகாதீர்கள். மாதிரி எழுதும்போதுதான், யாருடைய கையொப்பம் விடுபட்டது என்பது கண்ணில் படும்.

கால அளவு விஷயத்தில் என்னுடைய தவறு ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். வரிப்புத்தகத்தில் ஏற்ற நான்கு நாள், எல்லை நடக்க அறுபது நாள் என்று கெடு வைத்திருந்தேன். ஆணை புரட்டாசியில் வந்தால் அந்த அறுபது நாளும் ஐப்பசி கார்த்திகை அடைமழையில் போய்விடும்; வரப்பே தெரியாத அந்த நாள்களில் எல்லையை எப்படி நடப்பது? ஆகவே அறுவடை முடியும்வரை கெடு ஓடாது என்ற மழைக்கால விலக்கைப் பின்னால் சேர்த்தேன். உங்கள் பேரரசு ஆற்றுப்படுகையில் இருந்தால் உங்களுக்கும் இது வேண்டும். பாலைவனத்தில் இருந்தால் அதற்குரிய விலக்கு வேறு இருக்கும். யானைக்கும் பாகனுக்கும் எழுத்தருக்கும் அந்த நாள்களில் யார் சோறு போடுவது என்பதையும் ஒரு பிரிவில் சொல்லுங்கள். கொடை பெற்றவர்கள் என்று எழுதினால் ஏழைக் கோயில்கள் பதிவுக்கே வராது. அரசு என்று எழுதினால் அதிகாரிகள் பணியைத் தள்ளிப்போடுவார்கள். நான் முதல் பாதி அரசு, மறுபாதி கொடை பெற்றவர் என்று பிரித்தேன். இதிலிருந்தே நாவலின் ஒரு முழு அத்தியாயம் எனக்குக் கிடைத்தது.

5. அதிகாரபூர்வ வரலாற்றை எங்கே வைப்பது

பேரரசின் வரலாறு ஒரு பெரிய நூலில், பூட்டிய அறையில் இருக்கும் என்று எழுதுகிறவர்கள் அதைப் படிக்க யாரையும் விடுவதில்லை. படிக்கப்படாத வரலாற்றால் அரசுக்கு எந்தப் பயனும் இல்லை. ராஜராஜன் காலத்திலிருந்து நிலைபெற்ற மெய்க்கீர்த்தி முறையைப் பாருங்கள். அதற்கு முன் "மதிரை கொண்ட" (மதுரையை வென்ற) என்பதுபோன்ற ஒரு சிறு அடைமொழி இருந்த இடத்தில், அரசனின் வெற்றிகளை வரிசையாகச் சொல்லும் ஒரு பாடற்பகுதி வந்தது. அது கொடைக் கல்வெட்டின் முகப்பிலேயே நின்றது. விளக்கெரிக்க ஆடு கொடுத்தவனின் கல்வெட்டும் அதில் தொடங்கியது. ஆட்சி நீள நீள, புதிய வெற்றிகள் சேர்ந்து அதுவும் நீண்டது.

சட்டம் எழுதுவோருக்கு இதில் கிடைப்பது மூன்று பிரிவுகள். முகப்பு வாசகத்தை யார் எழுதுகிறார், புதிய வாசகம் எந்த நாளிலிருந்து கட்டாயம், பழைய வாசகத்தோடு ஏற்கெனவே எழுதிய ஆவணங்கள் செல்லுமா. மூன்றாவதற்கு "செல்லும்" என்றே எழுதுங்கள். செல்லாது என்று எழுதினால் ஒவ்வொரு போருக்குப் பிறகும் நாட்டிலுள்ள எல்லா நிலப்பத்திரங்களையும் மறுபடி எழுத வேண்டிவரும்.

முகப்பு வாசகம் நீள்வதால் வரும் செலவையும் கணக்கிடுங்கள். கல்வெட்டுவோருக்குக் கூலி உண்டு. சுவரின் இடமும் அளவானது. வசதி குறைந்தவர்களுக்காகச் சுருக்க வடிவம் ஒன்றை அனுமதிப்பது நடைமுறைக்கு ஏற்றது.

ஓர் அரசு தன் வரலாற்றை முழுநீளமாகப் பொறிக்க விரும்பினால் அதற்கும் முன்மாதிரி அருகிலேயே இருக்கிறது. தஞ்சைப் பெரிய கோயிலில், சோழர் கல்வெட்டுகள் நிறைந்த அதே வளாகத்தில், 1803இல் இரண்டாம் சரபோஜி தன் போன்சலே வம்சத்தின் வரலாற்றை மராத்தியில் வெட்டிவைத்தார். முந்தைய வம்சத்தின் எழுத்தைச் செதுக்கி எடுத்துவிட்டு அதன்மேல் எழுதவில்லை; பக்கத்தில் எழுதினார்.

6. "பழைய வரலாறு அழிக்கப்படும்" என்ற பிரிவை எழுதும் முன் நில்லுங்கள்

புதிய மன்னன் வந்ததும் பழைய வரலாற்றை முற்றாக எரித்துவிடுவான் என்ற பிரிவு எல்லார் சட்டத்திலும் இருக்கிறது, என்னுடையதிலும் இருந்தது. ஆனால் அப்படி எரித்தால் முதலில் பாதிக்கப்படுவது அந்த மன்னனின் கருவூலம்தான். யாருக்கு எந்த நிலத்தில் எந்த உரிமை, யார் எவ்வளவு வரி என்பதெல்லாம் பழைய மன்னனின் ஆண்டைத் தாங்கிய ஓலைகளில்தான் இருக்கிறது.

காட்டுமன்னார்கோயிலில் உடையார்குடி அனந்தீசுவரர் கோயில் கல்வெட்டை இதற்காகவே நான் போய்ப் பார்த்தேன். பாண்டியன் தலைகொண்ட கரிகால் சோழனை, அதாவது ராஜராஜனின் அண்ணன் ஆதித்த கரிகாலனை, கொன்ற துரோகிகளான ரவிதாசன் முதலியவர்களின் உறவினர்களுடைய சொத்துகளைப் பறிமுதல் செய்வது பற்றிய அரச ஆணை, வீரநாராயணச் சதுர்வேதிமங்கலத்துச் சபைக்கு அனுப்பப்பட்டதை அது சொல்கிறது. அதில் உள்ள தேதி ஒரு ராஜகேசரியின் 2ஆம் ஆட்சியாண்டு. அறிஞர்கள் அவனை முதலாம் ராஜராஜனாகக் கொள்கிறார்கள். அரச குடும்பத்தைச் சேர்ந்த ஒருவரின் கொலை இன்றும் நமக்குத் தெரிவதற்கு இந்த நில விவகாரம் பெரிய காரணம். பறித்த நிலத்தின் உரிமையை நிலைநாட்ட வேண்டுமென்றால், ஏன் பறித்தோம் என்று கல்லில் எழுதியே ஆக வேண்டியிருந்தது.

ஆகவே அழிப்பதற்குப் பதிலாக உங்கள் சட்டத்தில் மூன்று அளவுகள் வையுங்கள். முகப்பில் சொல்லக் கூடாதது, பொது இடத்தில் படிக்கக் கூடாதது, நிலக்கணக்கில் மட்டும் இருக்க வேண்டியது. ஒரு தடைசெய்யப்பட்ட அரசனின் பெயர் மூன்றாவது அளவில் எப்படியும் உயிரோடு இருக்கும். உங்கள் கதாநாயகி அதைத் தேடிக் கண்டுபிடிக்கப் போவதும் கணக்கரின் அலமாரியில்தான்.

7. படியெடுக்கும் விதி

கல்லும் ஓலையும் நிலைப்பவை அல்ல, கோயில்கள் இடிக்கப்பட்டு மீண்டும் கட்டப்படுகின்றன. அப்போது சுவரில் இருந்த ஆவணங்கள் என்ன ஆகும்? கொள்ளிடக் கரையில் உள்ள திருமழபாடியில் ராஜராஜனின் 28ஆம் ஆட்சியாண்டில் கோயிலைப் பிரித்துக் கட்ட ஆணை வந்தபோது, சுவரில் இருந்த கல்வெட்டுகளைப் புத்தகத்தில் படியெடுத்துக்கொள்ளும்படியும் சொல்லப்பட்டது. அவை மறுபடி கல்லேறியது ராஜேந்திரனின் 14ஆம் ஆட்சியாண்டில். இடையே பத்தாண்டுகளுக்கு மேல் அந்த ஊரின் உரிமைகள் எல்லாம் ஒரு புத்தகத்தில் மட்டுமே இருந்திருக்கின்றன. அந்தப் புத்தகத்தை வைத்திருந்தவரைப் பற்றி நான் அடிக்கடி நினைப்பதுண்டு.

திருக்கோடிக்காவலில் சோழ அரசி செம்பியன் மாதேவியார் கோயிலைக் கற்றளியாக (கற்கோயிலாக) எடுப்பித்தபோதும் பழைய கல்வெட்டுகள் புதிய சுவரில் பெயர்த்து எழுதப்பட்டன. மாலை நான்கரை மணிக்கு மேல், மேற்குப் பக்கமாக வெயில் சாய்ந்து விழும்போது அந்தச் சுவர் முன் நின்றேன். நேர் வெளிச்சத்தில் வெறும் சொரசொரப்பாகத் தெரிந்த கல்லில், பக்க வெளிச்சம் பட்டதும் எழுத்துகள் நிழல் கட்டி எழுந்தன. "இதுவும் ஒரு பழங்கற்படி" என்ற தொடரை விரலை வைத்து எழுத்துக்கூட்டிப் படித்தேன். பழைய கல் ஒன்றின் படி இது என்று எழுதியவரே அறிவித்துவிடுகிறார். மூலம் என்று பொய் சொல்லவில்லை. என் சட்டத்தின் பதினொன்றாம் பிரிவு அந்த மாலையில் எழுதியது:

"படி, தான் படி என்று முதல் வரியில் சொல்ல வேண்டும். சொல்லாத படி, மூலத்தோடு ஒத்திருந்தாலும் செல்லாது. மூலத்தில் சிதைந்த இடத்தைப் படியெடுப்பவர் தம் ஊகத்தால் நிரப்பலாகாது. சிதைந்தது என்று எழுதி இடம் விட வேண்டும்."

8. "என்றென்றும்" என்ற சொல்லுக்கு யார் பணம் கட்டுவது

சந்திர சூரியர் உள்ளவரை என்று எழுதுவது எளிது. அதை நடத்திக்காட்டும் ஏற்பாட்டை எழுதுவதில்தான் சட்டத்தின் தரம் இருக்கிறது. ஒரு நந்தாவிளக்கு (அணையா விளக்கு) எரியத் தஞ்சைப் பெரிய கோயிலில் 96 ஆடுகள் விடப்பட்டன. அவற்றைப் பெற்ற இடையர் நாளொன்றுக்கு ஓர் உழக்கு நெய் அளக்க வேண்டும். அந்த ஆடுகளுக்குக் கல்வெட்டுகள் தரும் பெயர் "சாவா மூவாப் பேராடு". ஆடு சாகும், மூப்படையும். ஆனால் எண்ணிக்கை குறையாமல் குட்டிகளைக் கொண்டு ஈடுகட்டுவது பெற்றவர் பொறுப்பு என்பதால், கணக்கில் அவை சாவதுமில்லை, மூப்பதுமில்லை. காலத்தை வெல்லும் ஏற்பாடு ஒன்றை இரண்டு சொல்லில் இதைவிடத் துல்லியமாக எழுதிய சட்டவாசகம் எனக்குத் தெரியாது.

உங்கள் பேரரசின் ஆவணக் காப்பகத்துக்கும் இப்படி ஒரு பேராடு வேண்டும். எழுத்தருக்குக் கூலி, ஓலைக்கு எண்ணெய், கூரை மாற்றும் செலவு ஆகியவற்றுக்கு எந்த நிலத்தின் விளைச்சல் என்று குறிப்பிடுங்கள். குறிப்பிடாவிட்டால் மூன்றாவது தலைமுறையில் அந்தக் காப்பகம் இருக்காது. அப்போது உங்கள் கதையின் ஐந்தாம் பாகத்தில் யாரும் அங்கே போய் எதையும் கண்டுபிடிக்க முடியாது.

9. சோதனை, கால அட்டவணை, செலவு

எழுதி முடித்ததும் முதல் படியில் எழுதிய மூன்று தகராறுகளை மூன்று பேரிடம் கொடுங்கள். ஒருவர் நிலம் வைத்திருப்பவராகவும், ஒருவர் பத்திரம் எழுதுபவராகவும், ஒருவர் கதை மட்டும் படிப்பவராகவும் இருந்தால் நல்லது. சட்டத்தை மட்டும் பார்த்துத் தீர்ப்புச் சொல்லச் சொல்லுங்கள். மூவரும் மூன்று தீர்ப்புச் சொன்னால் குறை வாசகத்தில் இருக்கிறது. நீங்கள் வாய் திறந்து விளக்கக் கூடாது. எந்த இடத்தில் விளக்கத் தோன்றுகிறதோ அந்த இடத்தைக் குறித்துக்கொண்டு திருத்துங்கள்.

வாரக் கடைசிகளில் மட்டும் வேலை செய்கிறவருக்கு மொத்தம் ஆறு மாதம் ஆகும் என்பது என் அனுபவம். தகராறுகளுக்கு ஒரு வாரம், ஆண்டு நாள் விதிகளுக்கு ஒரு மாதம், ஆவண மாதிரிகளுக்கு இரண்டு மாதம், வரலாறும் படியும் சேர்ந்து இரண்டு மாதம், மீதி திருத்தத்துக்கு. இந்தியத் தொல்லியல் துறையின் தென்னிந்தியக் கல்வெட்டுத் தொகுதிகளில் இரண்டாவது தொகுதி பெரிய கோயில் கல்வெட்டுகளுக்கே ஒதுக்கப்பட்டது. அது இணையத்தில் இலவசமாகவே கிடைப்பதால் நூலுக்குச் செலவில்லை. பேருந்துக் கட்டணமும் சாப்பாடும்தான் செலவு.

நேரில் பார்க்கப் போகிறவர்கள் மதியம் நடை சாத்தியிருக்கும் என்பதை நினைவில் வைத்து, காலை ஏழு மணிக்குள்ளோ மாலை நான்கு மணிக்கு மேலோ போங்கள். எழுத்து தெரிவதும் அந்த வெளிச்சத்தில்தான். படம் எடுக்கும் முன் அலுவலகத்தில் கேளுங்கள். எழுத்தின் மேல் மாவு, சுண்ணாம்பு, எண்ணெய் எதையும் தடவாதீர்கள்; கைப்பேசி விளக்கைச் சுவரை ஒட்டிப் பக்கவாட்டில் பிடித்தாலே போதும். பெரிய கோயிலுக்குப் போனால், ராஜராஜன் 26ஆம் ஆண்டு 20ஆம் நாள் சொன்ன ஆணையை முதலில் தேடுங்கள். தான் கொடுத்ததும், தன் அக்கன் (அக்காள்) கொடுத்ததும், தன் பெண்டுகள் (மனைவியர்) கொடுத்ததும், மற்றும் கொடுத்தார் கொடுத்ததும் கல்லிலே வெட்டுக என்று அது தொடங்குகிறது. அந்த நான்கு வகையினரின் பெயர்களும் வரும் வரிசையை ஒரு தாளில் எழுதிக்கொண்டு வந்து, உங்கள் நான்காம் படியின் மாதிரி ஓலையில் யார் யார் விடுபட்டிருக்கிறார்கள் என்று ஒப்பிட்டுப் பாருங்கள். என்னுடையதில் அக்கன் விடுபட்டிருந்தார்.